பாடலோடு பாடியவரையும் தேடியவர்: பேராசிரியர் நா. வானமாமலை

பொதிகையில் தோன்றி, நெல்லைச் சீமையின் வயல்களை நனைத்து, புன்னைக்காயல் அருகே கடலில் கலக்கும் தாமிரபரணி நீண்ட ஆறன்று. அதன் கரையில் விளைந்த தமிழோ மிகப் பெரிது. ஆழ்வார்திருநகரி நம்மாழ்வாரைத் தந்தது. ஸ்ரீவைகுண்டம் குமரகுருபரரைத் தந்தது. அதன் கிளையாகிய சிற்றாறு பாயும் பகுதியில் மேலகரம் திரிகூடராசப்பக் கவிராயர் குற்றாலத்துக் குறத்தியைப் பாட வைத்தார். நெல்லையின் இலக்கியப் பெருமையை எழுத முற்படுவோர் இப்பெயர்களைச் சொல்லி, எட்டயபுரத்துப் பாரதிக்கும் புதுமைப்பித்தனுக்கும் வந்து நிறைவு கொள்வது வழக்கம்.

இந்த வரிசைக்கு அப்பால் வேறொரு வரிசை உண்டு. நடவு வயலில் குனிந்தபடி பாடிய பெண்கள், ஏற்றம் இறைத்தவர்கள், தொட்டிலை ஆட்டிய தாய்மார்கள், மாரடித்து ஒப்பாரி வைத்தவர்கள், கொடை விழாக்களில் விடிய விடிய வில்லடித்துக் கதை சொன்ன புலவர்கள் ஆகியோரின் வரிசை அது. அவர்களுள் பெரும்பாலோர் கையெழுத்துப் போடவும் அறியாதவர்கள். அவர்களுடைய படைப்பும் இலக்கியமே, அதற்கும் வரலாறு உண்டு, ஆய்வு முறை உண்டு என்று நிலைநாட்டுவதற்குத் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டவர் பேராசிரியர் நா. வானமாமலை அவர்கள். ஓர் இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு மலரில் அவர் வாழ்வை நினைவுகூர்வது பொருத்தமுடையது. அவரும் ஒரு வட்டத்தைக் கூட்டி வளர்த்தவர். அந்த வட்டத்தின் வழியாகவே தம் பணியின் பெரும்பகுதியைச் செய்து முடித்தவர்.

பிறப்பும் தொழிலும்

நா.வா. என்று அன்புடன் அழைக்கப்பட்ட வானமாமலை 1917 டிசம்பர் 7-ஆம் நாள் நாங்குநேரியில் பிறந்தார். நூற்றெட்டுத் திருப்பதிகளுள் ஒன்றாகிய அவ்வூரின் பெருமாள் பெயரே அவருக்கு இடப்பட்டது. நாங்குநேரி ஆற்றுப் பாசனத்தின் செழுமையை அறியாத ஊர். குளத்தையும் மழையையும் நம்பி வாழும் பகுதி. மழைக்காக வேண்டும் பாடலும் பஞ்சத்தைப் பற்றிய பாடலும் அங்கே பொழுதுபோக்காகப் பாடப்பட்டவை அல்ல. அந்த மண்ணிலிருந்து வந்தவர் பிற்காலத்தில் தம் தொகுப்பில் மழைக்கும் பஞ்சத்துக்கும் தனி இடம் கொடுத்ததை நாம் எளிதில் புரிந்துகொள்ளலாம்.

அவர் கல்லூரியில் பயின்றது தமிழ் இலக்கியம் அன்று, வேதியியல். ஆசிரியப் பயிற்சியும் பெற்று, மாவட்டக் கழக உயர்நிலைப் பள்ளிகளில் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் அப்பணியைத் துறந்து பாளையங்கோட்டையில் தனிப்பயிற்சிக் கல்லூரி ஒன்றை நடத்தினார். பல்கலைக்கழகத் துறை எதிலும் பேராசிரியர் இருக்கையில் அமர்ந்து வாழ்நாளைக் கழித்தவர் அல்லர் அவர். ஆயினும் தமிழுலகம் அவரைப் பேராசிரியர் என்றே அழைத்தது. பதவியால் வந்த பட்டம் பதவியோடு போய்விடும். மாணவர்களும் ஆய்வாளர்களும் தாமாகவே வழங்கிய அப்பட்டம் அவர் மறைந்த பின்னும் அவர் பெயரோடு நிற்கிறது.

இளமையிலேயே பொதுவுடைமை இயக்கத்தில் ஈடுபட்டார். நெல்லை மாவட்டத்தில் உழவர்களையும் தொழிலாளர்களையும் திரட்டும் பணி அவரை ஊர் ஊராக அழைத்துச் சென்றது. கட்சி தடைசெய்யப்பட்டிருந்த காலத்தில் சிறைவாசமும் நேர்ந்தது. நாட்டுப்புற இலக்கியத்தின்பால் அவரை ஈர்த்த வழி இதுதான். நூலகத்திலிருந்து வயலுக்குச் சென்ற அறிஞர்கள் உண்டு. நா.வா. வயலில் மக்களோடு பழகியபின் அவர்கள் பாட்டைக் கேட்டவர். உழைப்பவனின் கூலியைப் பற்றிப் பேசச் சென்ற இடத்தில் அவனுடைய கவிதையையும் கண்டார்.

தொகுப்புப் பணி

நாட்டுப் பாடல்களைத் தொகுக்கும் முயற்சி நா.வா.வோடு தொடங்கியதன்று. 1871-இல் சார்லஸ் கோவர் என்ற ஆங்கிலேயர் தென்னிந்தியாவின் நாட்டுப் பாடல்களை ஆங்கிலத்தில் நூலாக்கினார். மு. அருணாசலம் 1943-இல் வெளியிட்ட ‘காற்றிலே மிதந்த கவிதை’ தமிழ் வாசகர்களின் செவியை இத்திசையில் திருப்பியது. பெர்சி மக்வீன் திரட்டியிருந்த பாடல்களைக் கி.வா. ஜகந்நாதன் பதிப்பித்து 1958-இல் ‘மலையருவி’யாகத் தந்தார். இம்முன்னோடிகளின் பணி மதிக்கத்தக்கது. எனினும் அவர்களை ஈர்த்தது முதன்மையாகப் பாடலின் எளிமையும் இனிமையுமே. பாடல் அழகாயிருந்தது, ஆகவே அதைப் பாதுகாத்தார்கள்.

நா.வா. வேறு கேள்விகளைக் கேட்டார். இதைப் பாடியவர் யார்? எந்த ஊரில், எந்த வேலைக்கு நடுவில் பாடினார்? இதே பாடல் பக்கத்து வட்டாரத்தில் எப்படி மாறி ஒலிக்கிறது? அம்மாற்றத்துக்குக் காரணம் என்ன? வேதியியல் பயின்றவரின் பழக்கம் இங்கே பயன்பட்டது போலும். ஒரு பொருளைக் கண்டவுடன் அதன் நிறத்தை மட்டும் வியக்காமல், அது எங்கே கிடைத்தது, எவற்றோடு கலந்திருக்கிறது என்று குறித்துக்கொள்ளும் பழக்கம் அது.

1960-இல் ‘தமிழ்நாட்டுப் பாமரர் பாடல்கள்’ வெளிவந்தது. அதன் தொடர்ச்சியாக 1964-இல் நியூ செஞ்சுரி புத்தக நிலையத்தார் ‘தமிழர் நாட்டுப்பாடல்கள்’ என்ற பெருந்தொகுப்பை வெளியிட்டனர். இத்தொகுப்பின் அமைப்பே ஒரு கொள்கை விளக்கமாகும். தெய்வம், மழை, தாலாட்டு, விளையாட்டு, காதல், திருமணம், குடும்பம், உழவும் தொழிலும், ஒப்பாரி என மனித வாழ்வின் போக்கைப் பின்பற்றிப் பாடல்கள் வகுக்கப்பட்டுள்ளன. நூலை முதலிலிருந்து இறுதிவரை படிப்பவர் ஓர் உழைப்பாளியின் வாழ்க்கையைத் தொட்டிலிலிருந்து சுடுகாடுவரை உடன் நடந்து பார்த்துவிடுகிறார்.

அதனினும் முக்கியமானது பாடலின் அடியில் உள்ள குறிப்பு. சேகரித்தவர் பெயர், பாடல் கிடைத்த இடம், வட்டார வழக்குச் சொற்களுக்கான பொருள் ஆகியன அங்கே தரப்பட்டிருக்கின்றன. இன்று எந்த ஆய்வு மாணவரும் இதைச் செய்வார். அறுபதாண்டுகளுக்கு முன் அது புதுமை. எஸ்.எஸ். போத்தையா, எஸ்.எம். கார்க்கி, கு. சின்னப்ப பாரதி, எம்.பி.எம். ராஜவேலு, வாழப்பாடி சந்திரன் முதலிய சேகரிப்பாளர்களின் பெயர்களை அந்நூலின் பக்கந்தோறும் காண்கிறோம். பதிப்பாசிரியர் ஒருவர் தம் பெயரை அட்டையில் பொறித்துக்கொண்டு உடனுழைத்தவர்களை முன்னுரையின் கடைசி வரியில் மறந்துபோவது தமிழ்ப் பதிப்புலகில் அரிதன்று. நா.வா. ஒவ்வொரு பாட்டின் கீழும் அதைக் கொண்டுவந்தவர் பெயரை நிறுத்தினார். ஊரின் பெயரும் உடன் நின்றதால், பெயரறியாத பாடகிக்கு ஒரு முகவரியாவது கிடைத்தது.

முத்துப்பட்டன் கதை

நா.வா.வின் ஆய்வு முறையை அறிய ஒரே ஒரு கதைப்பாடலை எடுத்துக்கொள்வது போதும். அதுவும் தாமிரபரணி ஆற்றின் தலைமாட்டில் நிகழ்ந்ததாகச் சொல்லப்படும் கதை.

பாபநாசத்துக்கு மேலே, காரையாற்றுப் பக்கம், காட்டினுள் சொரிமுத்தையனார் கோயில் இருக்கிறது. ஆடி அமாவாசையன்று அங்கே பல்லாயிரவர் கூடுகின்றனர். அக்கோயிலில் பட்டவராயன் என்னும் தெய்வத்துக்கு அடியவர்கள் தோல் செருப்புகளைக் காணிக்கையாகக் கட்டித் தொங்கவிடுகிறார்கள். செருப்பைக் கழற்றி வெளியே விட்டுச் செல்வதே கோயில் ஒழுக்கமாக உள்ள நாட்டில், செருப்பையே காணிக்கையாக ஏற்கும் தெய்வம் எப்படி உண்டாயிற்று? இதற்கு விடை முத்துப்பட்டன் கதையில் இருக்கிறது.

முத்துப்பட்டன் அந்தணர் குலத்தவன். தமையன்மாரோடு முரண்பட்டு வீட்டைவிட்டு வெளியேறியவன். காட்டு வழியில் பொம்மக்கா, திம்மக்கா என்னும் சகோதரியர் இருவரின் பாட்டொலி கேட்டு அவர்கள்பால் மனம் பறிகொடுக்கிறான். அவர்கள் வாலப்பகடை என்னும் சக்கிலியரின் மக்கள். பெண் கேட்டுவந்த அந்தணனை வாலப்பகடை எளிதில் நம்பவில்லை. குடுமியையும் பூணூலையும் களைந்து, செருப்புத் தைக்கும் தொழிலைக் கற்று, தங்களுள் ஒருவனாக மாறிவந்தால் பெண் தருவதாகச் சொல்கிறான். பட்டன் அவ்வாறே செய்கிறான். தன் கையால் தைத்த செருப்போடு வந்து நிற்கிறான். திருமணம் நடக்கிறது. மணநாளின் மகிழ்ச்சி அடங்குமுன்னே மாடு கவரும் கள்வர் வந்துவிட, மாமனின் மந்தையைக் காக்கச் சென்று போரிட்டு வென்று, பின் வஞ்சகமாகக் கொல்லப்படுகிறான். மனைவியர் இருவரும் தீப்பாய்கிறார்கள். மூவரும் வழிபடு தெய்வங்களாகிறார்கள்.

இக்கதையை நெல்லைச் சீமையின் வில்லுப் புலவர்கள் தலைமுறை தலைமுறையாகப் பாடிவந்தனர். நா.வா. இதன் வடிவங்களை ஒப்பிட்டு ஆராய்ந்து, மதுரைப் பல்கலைக்கழக வெளியீடாக 1971-இல் பதிப்பித்தார். ஒப்பிட்டபோது ஒரு செய்தி வெளிப்பட்டது. சில வடிவங்களில், பொம்மக்காவும் திம்மக்காவும் பிறப்பால் சக்கிலியப் பெண்கள் அல்லர். உயர்குலத்தில் பிறந்து காட்டில் விடப்பட்ட குழந்தைகள். வாலப்பகடை அவர்களை எடுத்து வளர்த்தவன் மட்டுமே என்ற பகுதி சேர்ந்திருந்தது. இச்சேர்க்கை கதையின் நரம்பையே அறுத்துவிடுகிறது என்பதை நா.வா. எடுத்துக்காட்டினார். பெண்கள் உயர்குலத்தவர் என்றால் பட்டன் எதைத் துறந்தான்? எதற்காகக் குடுமியைக் களைந்தான்? அவன் தைத்த செருப்புக்கு என்ன பொருள்? கதையின் பிற பகுதிகள் அனைத்தும் ஒரு திசையில் செல்ல, இந்த ஒரு பகுதி மட்டும் எதிர்த்திசையில் இழுப்பதால் அது பிற்காலத்தில் நுழைக்கப்பட்டது என்று அவர் முடிவு செய்தார்.

இதே கையாடலை வேறு கதைகளிலும் அவர் கண்டார். மதுரைவீரன் சக்கிலியர் வீட்டில் வளர்ந்தவனே தவிரப் பிறப்பால் காசி மன்னன் மகன் என்கிறது அச்சிட்ட கதை. காத்தவராயன் தெய்வப் பிறவி, சாபத்தால் மண்ணில் வந்தவன் என்கிறது மற்றொன்று. சாதியின் எல்லையை மீறிக் காதலித்ததற்காகக் கொலையுண்ட வீரனை மக்கள் தெய்வமாக்கினார்கள். அவனை மறக்கச் செய்ய இயலாதவர்கள் அவன் பிறப்பை மாற்றினார்கள். கொலையை விதியாக்கினார்கள். நாட்டார் இலக்கியம் என்பது மாசுபடாத ஊற்று என்று கருதுவோருக்கு நா.வா.வின் விடை இது: அதற்குள்ளும் ஆள்வோரும் ஆளப்படுவோரும் போராடிக்கொண்டிருக்கிறார்கள்; எந்த வரி யாருடைய கை என்று பார்க்கத் தெரிந்தால்தான் அப்பாட்டை நாம் படித்ததாகும்.

இவ்விடத்தில் கவிஞர்கள் ஊன்றிக் கருதவேண்டியது ஒன்றுண்டு. நா.வா. இம்முடிவுக்கு வந்தது கொள்கை வேகத்தால் மட்டும் அன்று. கதையின் கட்டுக்கோப்பை உணர்ந்ததால் வந்தார். எந்த நிகழ்ச்சியை எடுத்தால் படைப்பு சரியும், எதை எடுத்தால் படைப்பு நிமிரும் என்று காணும் கலையுணர்வு இல்லாதவரால் இதைச் சொல்லியிருக்க இயலாது.

வரலாறு பாடும் பாட்டு

சமூகக் கதைப்பாடல்களைப் போன்றே வரலாற்றுக் கதைப்பாடல்களும் அவரது உழைப்பால் அச்சேறின. கட்டபொம்மன் கதைப்பாடல் 1971-இலும், கான்சாகிபு சண்டை 1972-இலும், ஐவர் ராசாக்கள் கதை 1974-இலும் மதுரைப் பல்கலைக்கழகத்தின் வாயிலாக வந்தன. கான்சாகிபு எனப்படும் யூசுப்கான் 1764-இல் மதுரையில் தூக்கிலிடப்பட்டவர். கட்டபொம்மன் 1799-இல் கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்டவர். கும்பினியாரின் ஆவணங்கள் இவ்விருவரையும் அடக்கப்பட வேண்டிய கலகக்காரர்களாகக் குறிக்கின்றன. மக்கள் பாட்டு அவர்களை வீரர்களாக நினைவில் வைத்தது.

கதைப்பாடலில் உள்ளவையெல்லாம் நடந்த செய்திகள் என்று நா.வா. வாதிடவில்லை. ஆண்டுகள் குழம்பியிருக்கும், கனவுகளும் நிமித்தங்களும் கலந்திருக்கும். ஆவணத்தோடு ஒப்பிட்டு அவற்றைப் பிரித்துக் காட்டவே அவர் முயன்றார். ஆனால் நிகழ்ச்சி தவறாயிருக்கும் இடத்திலும் பாட்டு மற்றோர் உண்மையைச் சொல்கிறது. அந்நிகழ்ச்சியை மக்கள் எப்படி ஏற்றார்கள், யாரை நேசித்தார்கள், யாரைத் துரோகி என்று கருதினார்கள் என்பதே அவ்வுண்மை. அதைத் தரும் ஆவணம் வேறு எதுவுமில்லை. வரலாற்றாசிரியர்கள் அரசாங்கக் காப்பகத்தின் கதவை மட்டும் தட்டிக்கொண்டிருந்த காலத்தில், கோயில் கொடையின் வில்லுமேடையும் ஒரு காப்பகமே என்று அவர் காட்டினார்.

கடல் கடந்த ஓர் ஒப்புமை

நா.வா.வின் பணி உலகின் பிற பகுதிகளில் நிகழ்ந்த முயற்சிகளோடு உறவுடையது. தென்னமெரிக்காவிலுள்ள பிரேசில் நாட்டின் வடகிழக்குப் பகுதியை இங்கே எண்ணிப்பார்க்கலாம். வறட்சிக்குப் பேர்போன நிலம் அது. அங்கே சந்தைகளில் ‘கொர்தெல்’ என்னும் சிறு பாட்டுப் புத்தகங்கள் விற்கப்பட்டுவந்தன. கொர்தெல் என்பது கயிறு என்னும் பொருளோடு தொடர்புடைய சொல். கயிற்றில் தொங்கவிட்டு விற்றமையால் அப்பெயர் வந்தது. மரக்கட்டையில் செதுக்கி அச்சிட்ட படம் அட்டையை அணிசெய்யும். விற்பவரே பாடிக் காட்டுவார். புனிதர், பஞ்சம், காதல், அரசியல் என எல்லாம் பாட்டாகும். 1938-இல் கொல்லப்பட்ட லாம்பியாவோ என்னும் கொள்ளைத் தலைவன் அப்பாட்டுகளின் நீங்கா நாயகன். திருவிழாக் கடைகளில் பெரிய எழுத்து நல்லதங்காளும் மதுரைவீரனும் வாங்கிப் படித்தவர்களுக்கும், செம்புலிங்கம் பாட்டைக் கேட்டு வளர்ந்த நெல்லைச் சீமையாருக்கும் இதை விளக்க வேண்டுவதில்லை.

அந்நாட்டிலும் இதைக் கற்றோர் மதிக்கக் காலம் பிடித்தது. கவிஞர் மாரியோ ஜி அந்திராடியின் முயற்சியால் 1938-இல் சாவோ பாவுலோ நகரிலிருந்து ஒரு குழு வடக்கேயும் வடகிழக்கேயும் சென்று மக்கள் இசையை ஒலிப்பதிவு செய்தது. நத்தால் என்னும் கடற்கரை நகரில் வாழ்ந்த லூயிஸ் த காமரா காஸ்குடோ, தலைநகரத்துக்குக் குடிபெயராமல் பிறந்த ஊரிலேயே இருந்துகொண்டு, பிரேசிலிய நாட்டார் வழக்காறுகளுக்கு ஒரு பேரகராதியை 1954-இல் தந்தார். சிற்றூரில் அமர்ந்து செய்யும் ஆய்வு சிற்றாய்வு ஆகாது என்பதற்கு நத்தாலும் பாளையங்கோட்டையும் சான்றுகள். அரியானோ சுவாசுனா கொர்தெல் கதைகளைக் கொண்டு 1955-இல் எழுதிய நாடகம் அந்நாட்டின் புகழ்பெற்ற நாடகங்களுள் ஒன்றாயிற்று. தொகுப்பாளன் சேர்த்துவைத்ததைப் படைப்பாளி எடுத்து ஆளும்போதே சுற்று முழுமை பெறுகிறது. 2018-இல் கொர்தெல் அந்நாட்டின் பண்பாட்டு மரபுரிமையாக அரசால் ஏற்கப்பட்டது. நம்முடைய பெரிய எழுத்துப் புத்தகங்களுக்கு அத்தகைய சிறப்பு வாய்க்கவில்லை.

வட்டமும் இதழும்

நெல்லைக்கு இலக்கிய வட்டம் புதிதன்று. ரசிகமணி டி.கே. சிதம்பரநாத முதலியாரின் வட்டத்தொட்டியை அறியாத தமிழன்பர் இல்லை. 1954-இல் ரசிகமணி மறைந்தார். கவிதையைச் சுவைத்து அனுபவிக்கும் முறையை அவ்வட்டம் கற்றுத் தந்தது. நா.வா. 1967-இல் நெல்லை ஆய்வுக் குழுவைத் தொடங்கியபோது அவ்வூருக்கு இரண்டாவது வகையான ஒரு வட்டம் கிடைத்தது. இங்கே சுவைத்தலோடு விசாரணையும் நடந்தது. உறுப்பினர் ஒருவர் கட்டுரை படிப்பார். மற்றவர்கள் வினவுவார்கள். ஆதாரம் கேட்பார்கள். கட்டுரையாளர் திருத்திக்கொள்வார் அல்லது தம் கருத்தை நிலைநாட்டுவார். கல்லூரி ஆசிரியரும் பள்ளி ஆசிரியரும் கட்சித் தொண்டரும் மாணவரும் ஒரே பாயில் அமர்ந்தனர்.

1969-இல் ‘ஆராய்ச்சி’ என்னும் இதழைத் தொடங்கினார். பல்கலைக்கழகமோ அரசோ பின்னின்று தாங்காத இதழ் அது. நாட்டார் வழக்காறு, கல்வெட்டு, தத்துவம், மானிடவியல், சமூக வரலாறு எனப் பல துறைக் கட்டுரைகள் அதில் வந்தன. ஆய்வுக் கட்டுரை என்றால் ஆங்கிலத்தில் எழுதப்பட வேண்டும் என்னும் எண்ணம் ஆட்சி செலுத்திய காலத்தில் அவர் தமிழையே ஆய்வு மொழியாக்கினார். சிறுவர்களுக்காக இரும்பு, ரப்பர், காகிதம் முதலிய பொருள்களின் கதைகளைத் தமிழில் எழுதியவரும், அறிவியலைத் தமிழில் சொல்ல முடியும் என்று வாதிட்டவரும் அவரே என்பதை இதனோடு சேர்த்து எண்ண வேண்டும்.

இக்குழுவில் பயின்றவர்களும் அதனோடு உறவு கொண்டவர்களும் பிற்காலத்தில் தத்தம் துறையில் ஒளிபெற்றனர். ஆ. சிவசுப்பிரமணியன் நாட்டார் வழக்காற்றையும் அடித்தள மக்கள் வரலாற்றையும் இணைத்து நூல்கள் பல எழுதினார். தி.சு. நடராசன் திறனாய்வில் நிலைபெற்றார். பொன்னீலன் நாவலாசிரியராகப் புகழ்பெற்றார். ஓர் ஆசிரியர் தம்மைப் போலவே சிந்திக்கும் மாணவர்களை உருவாக்குவது எளிது. திறனாய்வாளரும் நாவலாசிரியரும் வரலாற்றாய்வாளரும் ஒரே நிழலில் வளர்ந்தது அந்நிழலின் விரிவைக் காட்டுகிறது.

நாட்டாரியலோடு அவர் பணி நின்றுவிடவில்லை. முருகனும் ஸ்கந்தனும் எவ்வாறு ஒரே தெய்வமாக இணைந்தனர் என்று ஆராய்ந்தார். தமிழர் பண்பாட்டையும் தத்துவத்தையும் பற்றி 1973-இல் நூல் எழுதினார். புதுக்கவிதையின் போக்குகளைப் பற்றியும் நூலொன்று எழுதி, அன்றைய கவிஞர்களோடு நேர் நின்று விவாதித்தார். அவர் கருத்தை மறுத்தவர்கள் பலர். ஆனால் மறுப்பதற்கும் அவரைப் படிக்க வேண்டியிருந்தது. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகம் அவர் பணியைப் போற்றி இலக்கிய கலாநிதி என்னும் பட்டம் வழங்கியது.

குறையும் நிறையும்

அறிஞர் ஒருவரைப் போற்றும் கட்டுரை அவர் பணியின் எல்லையையும் சொன்னால்தான் நேர்மையுடையதாகும். நா.வா. பாட்டை வர்க்கப் போராட்டத்தின் சான்றாகக் காண்பதில் மிகுந்த விருப்புடையவர். சடங்கு, நம்பிக்கை, வழிபாடு ஆகியவற்றுக்குரிய தனி இயல்பை அந்தப் பார்வை முழுமையாகத் தொடவில்லை என்பது பின்வந்த ஆய்வாளர் சிலரின் கருத்து. இதில் உண்மை உண்டு. வில்லுப்பாட்டில் பட்டனின் சாவு பாடப்படும்போது சாமியாடுபவர் மேல் தெய்வம் இறங்குகிறது. கேட்போர் கண்ணீர் விடுகின்றனர். அந்த வேளையில் நிகழ்வதைச் சாதி எதிர்ப்பு என்ற ஒரு சொல்லால் முடித்துவிட இயலாது.

மற்றொரு குறையை அக்காலத்தின் குறை என்றே சொல்ல வேண்டும். அச்சேறிய தொகுப்பில் சொற்கள் உள்ளன, மெட்டு இல்லை. நடவுப் பாட்டின் தாளம் குனிந்த முதுகின் தாளம். தாலாட்டின் இழுப்பு தொட்டில் கயிற்றின் இழுப்பு. அவை தாளில் வரமாட்டா. பெரும்பாலும் கையால் எழுதித் தொகுத்த அத்தொண்டர்களிடம் இசையையும் கேட்பது நியாயமன்று. ஆயினும் அந்த வெற்றிடம் நமக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

இக்குறைகளுக்கு எதிரே வைக்கத்தக்க நிறை ஒன்று போதும். நா.வா.வை மறுப்பதற்கு வேண்டிய கருவிகளை நா.வா.வே தந்திருக்கிறார். இடம், காலம், பாடியவர், மாற்று வடிவம் ஆகியவற்றைக் குறித்துவை என்று அவர் வகுத்த நெறியைப் பின்பற்றியே பின்வந்தோர் அவரினும் மேலே செல்ல முடிந்தது.

மறைவும் தொடர்ச்சியும்

1980 பிப்ரவரி 2-ஆம் நாள் பேராசிரியர் காலமானார். அப்போது அவருக்கு வயது 62. தமிழ் நாட்டார் படைப்புகளின் விளக்கமாக அவர் ஆங்கிலத்தில் எழுதிய நூல் மறு ஆண்டில் திராவிட மொழியியல் கழக வெளியீடாக வந்தது. அவர் உழைத்த பாளையங்கோட்டையிலேயே, தூய சவேரியார் கல்லூரியில் நாட்டார் வழக்காற்றியலுக்கென ஒரு துறை பின்னர் உருவாயிற்று. தே. லூர்து முதலிய பேராசிரியர்களின் உழைப்பால் அது இத்துறையின் முதன்மையான மையங்களுள் ஒன்றாக வளர்ந்தது. தனிப்பயிற்சிக் கல்லூரி ஆசிரியர் ஒருவர் மாலை வேளைகளில் நண்பர்களைக் கூட்டி நடத்திய ஆய்வு, பாடத்திட்டமும் பட்டமும் உடைய கல்வியாக மாறியதைத் தமிழ் கண்டது.

நம்மைப் போன்ற இலக்கிய வட்டங்களுக்கு இவ்வாழ்வு விடுக்கும் கேள்வி கடுமையானது. பத்தாண்டுகளில் நாம் எத்தனையோ கவியரங்குகள் நடத்தியிருக்கிறோம். ஒருவர் கவிதையை மற்றொருவர் பாராட்டியிருக்கிறோம்; பாராட்டப்பட்டிருக்கிறோம். நம் ஊர் வயல்களில் நடவு இயந்திரம் வந்துவிட்டது. ஏற்றம் போயிற்று, ஏற்றப்பாட்டும் போயிற்று. நடவுப் பாட்டைக் கற்றுப் பாடிய பெண்கள் முதுமையில் திண்ணைகளில் அமர்ந்திருக்கிறார்கள். ஒலிப்பதிவுக் கருவி இன்று ஒவ்வொருவர் சட்டைப் பையிலும் இருக்கிறது. நா.வா.வுக்கு வாய்க்காத வசதி அது. அவருக்கு வாய்த்திருந்தது வேறொன்று: எழுதத் தெரியாத ஒருத்தியின் முன் மாணவனைப் போல் அமர்ந்து, அவள் சொல்வதைக் கேட்டு, அவள் ஊர்ப் பெயரோடு எழுதிக்கொள்ளும் பணிவு.

அடுத்த பத்தாண்டுகளில் நம் வட்டத்தின் உறுப்பினர் ஒவ்வொருவரும் தம் ஊரில் ஒரு முதியவரிடமிருந்து ஒரு பாடலையேனும், மெட்டோடும் பாடியவர் பெயரோடும் பதிந்துவைப்பாராயின், இருபதாம் ஆண்டு மலரின் சிறந்த பக்கங்கள் அவையாகவே இருக்கும். பேராசிரியர் நா. வானமாமலைக்கு நெல்லைச் சீமை செலுத்தத்தக்க காணிக்கையும் அதுவே.